‘ஆக்சுவலா’: ஒரு சொல், ரெண்டு முகவரி



ஒரே ஒரு நாள், நீங்க எத்தனை தடவை ‘ஆக்சுவலா’ன்னு சொல்றீங்கன்னு எண்ணிப் பாருங்க. நான் எண்ணிப் பார்த்தேன். காலையில கோரிமேட்டுல பஸ் ஏறினதுலேர்ந்து முதல் பீரியட் முடியறதுக்குள்ள பதினொண்ணு. அதுக்கு மேல எண்றதை விட்டுட்டேன்.

“ஆக்சுவலா நேத்தே வரணும்னு இருந்தேன் மச்சி.” “ஆக்சுவலா எனக்குப் பசிக்கல.” “ஆக்சுவலா சார், ரெக்கார்டு ஹாஸ்டல்ல இருக்கு.”

இவ்வளவு புழங்குற சொல்லுக்கு என்ன அர்த்தம்னு யாரைக் கேட்டாலும் ‘உண்மையில்’ என்று பதில் வரும். சரிதான், ஆனால் அது பாதிதான். மீதிப் பாதி தெரியாததால் எங்கள் தெருவில் ஒரு ஆயாவுக்கு ரெண்டு மாசம் பென்ஷன் வரவில்லை. அதுக்குக் காரணம் நான்தான். முதலில் அந்தக் கதை, அப்புறம் பாடம்.

ஒரு படிவம் செய்த வேலை

ஆயாவோட வீட்டுக்காரர் சொல்தா. புதுச்சேரிக்காரர்களுக்கு விளக்கம் தேவையில்லை. வெளியூர் நண்பர்களுக்காகச் சொல்கிறேன். பிரெஞ்சுப் பட்டாளத்தில் வேலை பார்த்தவர்களை இங்கே சொல்தா என்போம். அவர் போன பிறகு ஆயாவுக்குப் பிரான்சிலிருந்து குடும்ப பென்ஷன் வருகிறது. ஆயா உயிரோடு இருக்கிறார் என்று அவ்வப்போது ஒரு படிவம் நிரப்பி அனுப்ப வேண்டும். படிவம் முழுக்க பிரெஞ்சு.

“நீதான் இஞ்சினீருக்குப் படிக்கிற புள்ளயாச்சே, இத கொஞ்சம் எழுதிக் குடு தம்பி” என்று கொண்டுவந்தார். எனக்கு பிரெஞ்சு தெரியாது. ஆனால் பாதிச் சொற்கள் இங்கிலீஷ் மாதிரியே இருந்ததால் தைரியமாக உட்கார்ந்தேன். பெயர், பிறந்த தேதி எல்லாம் தாண்டி ஒரு கட்டம் வந்தது. ‘அத்ரெஸ் ஆக்துயெல்’. அட, இது தெரியாதா? ஆக்சுவல் அட்ரஸ். அசல் முகவரி.

ஆயாவுக்குச் சொந்த வீடு பாகூரில். கோரிமேட்டில் மகள் வீட்டில் இருப்பது ஜிப்மர் பக்கம் என்பதால். மாசத்துக்கு ஒருமுறை வைத்தியத்துக்குப் போகணும். சொந்த வீடுதானே அசல் என்று நினைத்து பாகூர் முகவரியை எழுதினேன். அடுத்து வந்த கடிதம் பாகூருக்குப் போய், பூட்டின கதவைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனது. அதற்குப் பதில் போகாததால் பணம் நின்றது.

தெருமுனையில் பிரெஞ்சு தெரிந்த ஒரு தாத்தா படிவத்தின் நகலைப் பார்த்துவிட்டுச் சிரித்தார். “ஆக்துயெல்னா இப்போதையன்னு அர்த்தம்பா. இப்ப எங்க இருக்காங்கன்னு கேட்டிருக்கான். நீ எங்க வீடு இருக்குன்னு எழுதியிருக்க.” ஆயா என்னைத் திட்டவில்லை. “இப்ப எங்க இருக்கேன்னு என்னையே கேட்டிருக்கலாமே தம்பி” என்றார், அவ்வளவுதான். அந்த ரெண்டு மாசமும் மருந்துச் செலவை மகள்தான் பார்த்துக்கொண்டார். திருத்தின படிவத்தை அனுப்பின பிறகு பணம் வந்தது.

ஒரே வேர், ஒரே மாதிரி ஓசை, ஆனால் இங்கிலீஷில் ஒரு பொருள், பிரெஞ்சில் வேறொரு பொருள். இது எப்படி நடந்தது?

வேர்: செயல்

லத்தீனில் ‘அகெரே’ என்றால் செய்தல், ஓட்டுதல், நடத்துதல். அதிலிருந்து ‘அக்துஸ்’, அதாவது செயல். நமக்குத் தெரிந்த ஆக்ஷன், ரியாக்ஷன், ஆக்டர், ஏஜென்ட், ரோபாட்டிக்ஸ் கிளாஸில் வரும் ஆக்சுவேட்டர் எல்லாம் இந்தக் குடும்பம்தான். மீட்டிங்கில் வரும் அஜெண்டாவுக்கு ‘செய்ய வேண்டியவை’ என்று பொருள். அதுவும் இந்த வீட்டுப் பிள்ளைதான்.

‘அக்துஸ்’ஸிலிருந்து ‘அக்துவாலிஸ்’, அதாவது செயலைச் சார்ந்தது. அது பிரெஞ்சு வழியாக 14ஆம் நூற்றாண்டில் இங்கிலீஷுக்குள் ‘ஆக்சுவல்’ என்று வந்தது. அதோடு ‘லி’ சேர்ந்த ‘ஆக்சுவலி’ 15ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் வந்தது.

அப்போது அதன் பொருள் ‘உண்மை’ அல்ல, ‘செயலில் நடந்தது’. இதற்கு நம்ம ஊரிலேயே சாட்சி இருக்கு. கத்தோலிக்க நண்பர்கள் சின்ன வயசில் ஞானோபதேச வகுப்பில் ஜென்மப் பாவம், கர்மப் பாவம் என்று படித்திருப்பீர்கள். கர்மப் பாவத்துக்கு இங்கிலீஷில் பெயர் ‘ஆக்சுவல் சின்’. உண்மையான பாவம் என்று அதற்குப் பொருள் இல்லை. ஒருவர் தானே செய்த பாவம். தமிழில் மொழிபெயர்த்தவர்கள் ‘கர்மம்’ என்ற சொல்லைப் பிடித்ததிலிருந்தே அவர்களுக்கு வேர் தெரிந்திருந்தது என்று புரிகிறது.

செயலிலிருந்து உண்மைக்கு எப்படிப் போனது? இதற்கு அரிஸ்டாட்டில் வரை போகணும். ஒரு பொருள் என்னவாக ஆகக்கூடும் என்பது ஒன்று, இப்போது என்னவாக இருக்கிறது என்பது இன்னொன்று என்று அவர் பிரித்தார். விதை மரமாகக்கூடும், அது அதன் உள்ளாற்றல். மரமாக நிற்பது செயல்நிலை. லத்தீனில் எழுதிய அறிஞர்கள் முதலாவதை ‘பொதென்ஷியா’ என்றார்கள், இரண்டாவதை ‘அக்துஸ்’ என்றார்கள். ஆகவே பொட்டென்ஷியலுக்கு எதிர்ச்சொல் ஆக்சுவல். ‘ஆகக்கூடியது இல்லை, ஆகிவிட்டது’ என்ற இந்தப் பொருளிலிருந்துதான் இங்கிலீஷ் ‘உண்மையில்’ என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தது.

பிரெஞ்சுக்காரர்கள் அதே இடத்திலிருந்து வேறு வழியில் போனார்கள். செயலில் இருப்பது என்றால் இந்த நேரத்தில் நடந்துகொண்டிருப்பது, ஆக ‘இப்போதைய’. பிரெஞ்சில் ‘ஆக்துயெல்மான்’ என்றால் ‘தற்போது’. செய்திகளை ‘ஆக்துவாலித்தே’ என்பார்கள். ஸ்பானிஷில் ‘ஆக்துவால்மென்தே’, ஜெர்மனில் ‘ஆக்துவெல்’ எல்லாம் ‘இப்போது’ பக்கம்தான். தனியாக நிற்பது இங்கிலீஷ். நம்ம ‘ஆக்சுவலா’வை பிரெஞ்சில் சொல்லணும்னா ‘ஆன் ஃபெத்’ என்று சொல்லணும். அலியான்ஸ் ஃபிரான்சேஸில் பிரெஞ்சு கத்துக்கற நண்பர்கள் இதைக் குறிச்சு வச்சுக்குங்க. மேல்படிப்புக்கு ஜெர்மனி போகணும்னு இருக்கிறவங்களும்தான்.

வால்: லி, மான், ஆ

வேருக்கு அடுத்து வால். இங்கிலீஷில் வினையை விளக்கும் சொல்லாக மாற்றுவதற்கு ‘லி’ சேர்க்கிறோம். பழைய இங்கிலீஷில் உடல், உருவம் என்று பொருள்படும் ஒரு சொல்லிலிருந்து வந்தது அது. ‘போல’ என்ற பொருளில் வரும் ‘லைக்’கும் அதன் உறவுதான். பிரெஞ்சின் ‘மான்’, மனம் என்று பொருள்படும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. தமிழில் நாம் சேர்ப்பது ‘ஆக’. அது ‘ஆகு’ என்ற வினையிலிருந்து வந்தது. வேகம், வேகமாக, பேச்சில் தேய்ந்து வேகமா.

இப்போ ‘ஆக்சுவலா’வைப் பாருங்க. இங்கிலீஷ்காரனோட ‘லி’யைக் கழட்டி வச்சுட்டு நம்ம ‘ஆ’வை மாட்டியிருக்கோம். பேசிக்கா, ஜெனரலா, டைரக்டா, சிம்பிளா எல்லாமே அப்படித்தான். யாரும் சொல்லித் தரவில்லை. தமிழ் இலக்கணம் நம்ம நாக்கில் தானாக வேலை செய்கிறது. ‘ஆக்சுவலி’ என்று சொன்னால் இங்கிலீஷ் சொல்லை அப்படியே எடுத்துக்கொண்டோம். ‘ஆக்சுவலா’ என்று சொன்னால் அதைத் தமிழாக்கிவிட்டோம்.

இதற்குத் தனித் தமிழ்ச் சொல் இல்லையா? நிறைய இருக்கு. உண்மையில், நிஜமா, சொல்லப்போனா, பார்க்கப்போனா. சென்னைக்காரர்களின் ‘மெய்யாலுமே’ எனக்கு ரொம்பப் பிடிக்கும். ‘மெய்’ என்றால் உண்மை, உடலும் மெய்தான். இங்கிலீஷ்காரன் வாலில் ஒளித்து வைத்திருக்கிற உடலை நாம் வேரிலேயே வைத்திருக்கிறோம்.

புதுச்சேரிக்குத் தெரிந்த பாடம்

‘செயலில் ஒன்று, காகிதத்தில் ஒன்று’ என்பதைப் புரிந்துகொள்ள நம் ஊரை விட நல்ல உதாரணம் கிடைக்காது.

1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் வாக்கெடுப்பு நடந்தது. மக்கள் பிரதிநிதிகள் 178 பேரில் 170 பேர் இந்தியாவோடு இணைய வேண்டும் என்றார்கள். 8 பேர் வேண்டாம் என்றார்கள். நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியா கைக்கு வந்தது. ஆனால் சட்டப்படி? ஒப்பந்தம் கையெழுத்தானது 1956 மே 28. பிரெஞ்சு நாடாளுமன்றம் அதை ஏற்று, சட்டப்படி மாற்றம் நடந்த நாள் 1962 ஆகஸ்ட் 16. அதனால்தான் நமக்கு ரெண்டு விழா: நவம்பர் 1 விடுதலை நாள், ஆகஸ்ட் 16 சட்டப்பூர்வ பரிமாற்ற நாள். முதலாவதை ‘டி ஃபேக்டோ’ என்றும் இரண்டாவதை ‘டி ஜூரே’ என்றும் பாடப்புத்தகத்தில் படித்திருப்போம். செயலளவில், சட்டப்படி.

நடுவில் ஏறத்தாழ எட்டு வருஷம். அந்தச் சமயத்தில் ஒரு வெளியூர்க்காரர் “புதுச்சேரி பிரான்சோட ஊர்தானே?” என்று கேட்டிருந்தால், சரியான பதில்: “காகிதத்துல ஆமா. ஆக்சுவலா, இந்தியா.” அந்த இடத்தில்தான் இந்தச் சொல்லுக்கு முழு வேலை. எதிரில் இருப்பவர் நினைப்பது ஒன்று, நடப்பது வேறு. அந்த இடைவெளியைக் காட்டுவதற்காகவே இருக்கிற சொல் இது.

நம்ம சிலபஸில்

வேரின் பொருள் தெரிந்தால் நமக்குத் தெரிந்த சில விஷயங்களும் தெளிவாகும்.

சி புரோகிராமிங்கில் ஃபார்மல் பாராமீட்டர், ஆக்சுவல் பாராமீட்டர் என்று மனப்பாடம் செய்தோம். ஃபங்ஷனை எழுதும்போது அடைப்புக்குள் போடுவது வெறும் பெயர். இடம் பிடித்து வைப்பதற்கான துண்டு மாதிரி. ஃபங்ஷனைக் கூப்பிடும்போது உள்ளே போகிற 5, 7 தான் வேலை செய்யும் மதிப்பு. செயலில் இறங்குவது எதுவோ அது ஆக்சுவல்.

ஃப்ளூயிட் மெக்கானிக்ஸ் லேபில் கோஎஃபிஷியன்ட் ஆஃப் டிஸ்சார்ஜ் கண்டுபிடித்தோம். ஃபார்முலா போட்டால் வருவது தியரிட்டிக்கல் டிஸ்சார்ஜ். தொட்டியில் தண்ணீர் நிரம்ப எத்தனை வினாடி ஆகிறது என்று ஸ்டாப்வாட்சைப் பிடித்து எடுப்பது ஆக்சுவல் டிஸ்சார்ஜ். பின்னதை முன்னதால் வகுத்தால் வென்சுரி மீட்டருக்கு 0.95க்கு மேல் வரும்; ஆரிஃபைஸ் மீட்டருக்கு 0.6 அளவில் நிற்கும். ‘ஆக்சுவல்’ என்ற சொல்லை நம் துறை ஒரு எண்ணாகவே அளந்து வைத்திருக்கிறது!

இன்னொன்று பலருக்குத் தெரியாது. ‘பொட்டென்ஷியல் எனர்ஜி’ என்ற பெயரை 1853இல் வைத்தவர் ஸ்காட்லாந்து இன்ஜினியர் ராங்கின். தெர்மல் பேப்பரில் வரும் ராங்கின் சைக்கிளும் அவர் பெயரில்தான். அதற்கு இணையாக அவர் வைத்த இன்னொரு பெயர் ‘ஆக்சுவல் எனர்ஜி’. நாம் இன்று கைனெட்டிக் எனர்ஜி என்பது அதற்குள் அடங்கும். உள்ளே தேங்கி இருப்பது பொட்டென்ஷியல், இயங்குவது ஆக்சுவல். அரிஸ்டாட்டிலின் ஜோடி அப்படியே இன்ஜினியரிங்குக்குள் வந்திருக்கிறது. பின்னாளில் ‘கைனெட்டிக்’ வந்து ‘ஆக்சுவலை’ ஓரம் கட்டிவிட்டது.

எப்போது, எங்கே?

இங்கிலீஷில் பேசும்போதும் எழுதும்போதும் ‘ஆக்சுவலி’ நான்கு இடங்களில் வரும்.

1. வினைச்சொல்லுக்கு முன்னால். “ஐ ஆக்சுவலி ரெட் த மேனுவல்.” நான் மேனுவலை நிஜமாவே படிச்சேன். படிச்சிருக்க மாட்டான்னு நீங்க நினைச்சிருப்பீங்க, ஆனா படிச்சேன்.

2. ‘இஸ், ஆம், ஆர், வாஸ்’ போன்றவற்றுக்குப் பின்னால். “இட் இஸ் ஆக்சுவலி எ கெபாசிட்டர்.” பார்த்தால் வேற மாதிரி தெரியுது, ஆனா அது கெபாசிட்டர்.

3. வாக்கியத்தின் தொடக்கத்தில், திருத்தம் சொல்ல. “பட்டானூர் பாண்டிச்சேரிதானே?” என்று யாராவது கேட்டால், “ஆக்சுவலி, இட் இஸ் இன் தமிழ்நாடு.” கோரிமேட்டைத் தாண்டிப் போகிற எல்லாருக்கும் ஒருமுறையாவது வருகிற சந்தேகம் இது. எழுதும்போது இந்த ‘ஆக்சுவலி’க்கு அப்புறம் கமா போட மறக்காதீங்க.

4. வாக்கியத்தின் கடைசியில், மறுப்பைக் கொஞ்சம் மென்மையாக்க. “ஐ டோன்ட் ட்ரிங்க் காபி, ஆக்சுவலி.” இங்கே அது நம்ம ‘இல்லீங்க, என்னன்னா’ மாதிரி.

நாலிலும் பொதுவாக இருப்பது ஒன்றுதான்: கேட்பவர் மனசில் இருப்பதற்கும் நடப்புக்கும் ஒரு இடைவெளி. அது இல்லாத இடத்தில் இந்தச் சொல்லைப் போட்டால் இல்லாத இடைவெளியை நாமே உண்டாக்குகிறோம்.

இன்டர்வியூவில் என்ன ஆகும்?

போன மாசம் எங்கள் டிபார்ட்மென்டில் மாக் இன்டர்வியூ நடந்தது. முதல் கேள்வி வழக்கமான ‘உன்னைப் பத்திச் சொல்லு’. நண்பன் ஆரம்பித்தான்: “ஆக்சுவலி சார், மை நேம் இஸ்...” எதிரில் இருந்த சீனியர் கேட்டார்: “ஏன்டா, அப்ளிகேஷன்ல வேற பேரா குடுத்திருக்க?”

எல்லாரும் சிரிச்சோம். ஆனா யோசித்துப் பார்த்தால் அவர் கேட்டது நியாயம். “ஆக்சுவலி ஐ ஆம் ஃப்ரம் கோரிமேடு” என்றால், ரெஸ்யூமில் வேற ஊர் இருக்கிறதோ என்று தோன்றும். “ஆக்சுவலி ஐ டிட் திஸ் பிராஜெக்ட்” என்றால், செய்யவில்லை என்று யாரோ சந்தேகப்பட்டதற்கு இவன் பதில் சொல்கிறான் என்று தோன்றும். மனசில் அந்த எண்ணமே இல்லாமல் நம் பேச்சுக்கு நாமே சந்தேகம் கிளப்பிவிடுகிறோம்.

ஏன் இப்படி வருகிறது? நம்ம தமிழில் தயங்கும்போது ‘அது வந்து சார்...’ என்போம். அந்த ‘அது வந்து’க்கு இங்கிலீஷ் சட்டை போட்டதுதான் இந்த ‘ஆக்சுவலி’. யோசிக்க ரெண்டு வினாடி வேணும், அவ்வளவுதான். அதற்கு ஒரு வழி இருக்கு: வாயை மூடிக்கிட்டு அந்த ரெண்டு வினாடி யோசிக்கலாம். அமைதியாக இருப்பதை யாரும் தப்பா எடுத்துக்க மாட்டாங்க.

நண்பர்களோடு பேசும்போது தாராளமா சொல்லுங்க. அது தமிழ்ப் பேச்சின் ஒரு ராகமாகவே ஆகிவிட்டது. இன்டர்வியூ, வைவா, மெயில், ரிப்போர்ட், இந்த நாலில் மட்டும் எண்ணிப் பயன்படுத்துங்க.

சின்னப் பயிற்சி

கீழே உள்ளவற்றில் ‘ஆக்சுவலி’ தேவையா?

அ. தன்னைப் பற்றிச் சொல்லும்போது: “ஆக்சுவலி, மை ஃபாதர் இஸ் எ டீச்சர்.”

ஆ. “நீ மெக்கானிக்கல்தானே?” “ஆக்சுவலி, ஐ ஆம் இன் சிவில்.”

இ. ‘இப்போ’ என்ற பொருளில்: “ஆக்சுவலி ஐ ஆம் டூயிங் மை ஃபைனல் இயர் பிராஜெக்ட்.”

ஈ. லேப் ரிப்போர்ட்டில், பெயர்ப்பலகையில் 2 ஆம்பியர் என்று இருக்கும் மோட்டாருக்கு: “த மோட்டார் ஆக்சுவலி டிராஸ் 3 ஆம்பியர்ஸ்.”

விடை: அ. தேவையில்லை, அப்பா வேற வேலை பார்க்கிறார்னு யாரும் சொல்லவில்லை. ஆ. தேவை, திருத்தம் சொல்கிறீர்கள். இ. தவறு, இது பிரெஞ்சுப் பொருள். இங்கிலீஷில் ‘கரன்ட்லி’ அல்லது ‘ரைட் நவ்’ போடுங்க. ஈ. தேவை, பலகையில் இருப்பது ஒன்று, ஓடும்போது இழுப்பது வேறு.

கடைசியா ஒண்ணு

மாக் இன்டர்வியூவில் என் முறை வந்தபோது நான் ரொம்பக் கவனமா ஒரு தடவை கூட ‘ஆக்சுவலி’ சொல்லவில்லை. பிராஜெக்ட் பற்றி நல்லாவே பேசினேன். “வி டிசைன்ட், வி டெஸ்டட், வி அனலைஸ்ட்” என்று அடுக்கினேன். சீனியர் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “டீம்ல நாலு பேரு. வாட் டிட் யூ ஆக்சுவலி டூ?”

அங்கே அந்தச் சொல் சரியான இடத்தில் இருந்தது. லத்தீன் வேரோடு, முழுப் பொருளோடு. ரெஸ்யூமில் எழுதினது இருக்கட்டும், செயலில் நீ செய்தது என்ன? நான் வயரிங் செய்தேன், ரீடிங் எடுத்தேன். டிசைன் என்னுடையது இல்லை. அதை அப்படியே சொன்னேன். “இதை முதல்லயே சொல்லியிருக்கலாமே, வயரிங் பத்தியே கேட்டிருப்பேன்” என்றார்.

உண்மையான இன்டர்வியூவிலும் அந்தக் கேள்வி வரும். பதிலை இப்பவே யோசிச்சு வைங்க. அப்புறம், யாருக்காவது பிரெஞ்சுப் படிவம் நிரப்பித் தர்றதா இருந்தா, ‘ஆக்துயெல்’னு ஒரு கட்டம் வந்தா, இப்ப எங்க இருக்கீங்கன்னு அவங்களையே கேட்டு எழுதுங்க.

அடுத்த இதழில் இன்னொரு சொல்லோடு சந்திப்போம். எந்தச் சொல் வேணும்னு நீங்களும் சொல்லலாம். ‘பேசிக்கலி’க்கு இப்பவே ரெண்டு பேர் துண்டு போட்டாச்சு!